நாலு சொந்தம் மஞ்சு

பாண்டித்துரை என்கிற பெயரைச் சிவசங்கரி முதன்முதலாகக் கேட்டது இரண்டு தடவை. இரண்டுமே முதல் தடவைதான்.

முதலாவது, அவளைப் பெண் பார்க்க வந்த அன்றைக்கு. அவளுக்குச் சங்கரன்கோயில் பக்கம். மாப்பிள்ளை வேல்மயிலுக்கு இடுக்கி மலையில், கம்பம்மெட்டிலிருந்து ஜீப்பில் ஒன்றரை மணி நேரம் போகிற மஞ்சப்பாறை எஸ்டேட்டில் ஃபேக்டரி வேலை. வெற்றிலைத் தட்டு வைத்த பிறகு, மாப்பிள்ளைக்கு மூத்தவர்கள் யாரும் உண்டா என்று சிவசங்கரியின் அப்பா கேட்டார்.

“அண்ணன் ஒருத்தர் இருக்காரு. பாண்டித்துரைன்னு பேரு. எஸ்டேட்டுல மஞ்சு அளக்காரு” என்றார் தரகர்.

வீட்டுக்கு ஒருவர் மஞ்சு அளப்பதுதான் உலக வழக்கம் என்பதுபோல அப்பா தலையை ஆட்டினார். “நிரந்தர வேலையா?” என்று மட்டும் கேட்டார். நிரந்தரம்தான் என்றதும் காபி வந்தது.

இதெல்லாம் சிவசங்கரியின் காதில் நன்றாக விழுந்தது என்று அவள் அம்மா சத்தியம் பண்ணுகிறாள். சிவசங்கரிக்குத் தரகரின் குரல் நினைவிருக்கிறது. காபியில் சீனி கூடிப்போனதும் நினைவிருக்கிறது. தரகர் சொன்ன அந்தப் பெயர் மட்டும் இல்லை. அது போன கதை இது.

மூடுபனியை அந்தப் பக்கத்தில் மலையாளம் கலந்து மஞ்சு என்றே சொல்வார்கள். மஞ்சப்பாறையில் அது இரண்டு வகை. ஒன்று சாதா மஞ்சு. வரும், நனைக்கும், போகும். மற்றது களவாணி மஞ்சு. அது பள்ளத்திலிருந்து ஏறும்போது நெல் அவிக்கிற வாசம் அடிக்கும். சுற்றுவட்டாரத்தில் யாரும் நெல் அவிப்பதில்லை என்பதால் சுலபமாகத் தெரிந்துகொள்ளலாம். களவாணி மஞ்சு ஆளை ஒன்றும் செய்யாது. பேரைத்தான் எடுக்கும். உள்ளே நிற்பவருக்குத் தெரிந்த பெயர்களில் பிடிமானம் இல்லாததாகப் பார்த்து ஒன்றொன்றாக உருவிக்கொள்ளும். முகம் இருக்கும், உறவு இருக்கும், அந்த ஆள் எந்தக் கல்யாணத்தில் எதற்காகக் கோபித்துக்கொண்டு போனார் என்பதுகூட இருக்கும். பேர் மட்டும் இராது. வெயில் வந்ததும் திரும்பக் கிடைக்கும். கனத்த மஞ்சில் வெகுநேரம் நின்றால் ஒன்றிரண்டு கிடைக்காமலும் போகும்.

ஆகவே அளக்கவேண்டி வந்தது.

அளக்கிற அந்த அலகுக்குச் சொந்தம் என்று பேர். காலையில் வேலைக்கு ஆள் பிரிக்கிற மைதானத்துக்குப் பெரட்டுக் களம் என்பார்கள். அதன் ஓரத்தில் ஒரு தட்டைக் கல் கிடக்கும். அளக்கிறவர் செருப்பைக் கழற்றிவிட்டு அதன்மேல் ஏறி நின்று, தன்னுடைய சொந்தக்காரர்களில் நாற்பது பேரை, எழுதி வைத்த வரிசைப்படி உரக்கச் சொல்ல வேண்டும். சூப்பர்வைசர் பட்டியலைப் பார்த்து டிக் போடுவார். எத்தனை பேர் வாயில் வரவில்லையோ அத்தனை சொந்தம் மஞ்சு. யோசித்து வந்த பேர் அரைச் சொந்தம். பக்கத்தில் நிற்பவர்கள் எடுத்துக் கொடுக்கக் கூடாது. இருமக் கூடாது. மூன்று சொந்தம் வரைக்கும் வேலை உண்டு. நாலு என்றால் எல்லாரும் எஸ்டேட் வரிசைவீடுகளான லயத்தில் அவரவர் வீட்டுக்குத் திரும்பிக் கதவைச் சாத்திக்கொள்ள வேண்டியது.

ஒருமுறை ஏதோ காலேஜிலிருந்து மெஷினோடு மூன்று பேர் வந்தார்கள். மெஷின் ஈரப்பதம் தொண்ணூற்றெட்டு என்று காட்டியது. அதைத் தாளில் குறித்தவர் அடியில் கையெழுத்துப் போடப் போய், பேனாவைப் பிடித்தபடி வெகுநேரம் நின்றார். பிறகு மூவரும் போய்விட்டார்கள்.

அளக்கிற வேலைக்கு ஆசைப்பட்டவர்கள் நிறையப் பேர். நின்ற இடத்தில் நின்று கத்துவதுதானே. ஆனால் நாற்பது சொந்தம் வேண்டும். பேச்சுவார்த்தை இல்லாதவர்களைச் சேர்க்கக் கூடாது என்று விதி. ஆசைப்பட்டவர்களில் ஒருவரான சூசையப்பனுக்குச் சொந்தம் அறுபத்தெட்டு. பேச்சுவார்த்தை உள்ளவர்கள் பதினொன்று. பாண்டித்துரைக்கு மட்டும்தான் சுளையாக நாற்பது தேறியது. அவர் அம்மாவோடு பிறந்தவர்கள் ஐந்து அக்கா தங்கை. ஐந்து வீட்டுக்கும் அவர் போவார். எந்த வீட்டில் என்ன சண்டை என்றாலும் குடையைச் சட்டைக் காலரின் பின்பக்கம் மாட்டிக்கொண்டு, சோற்றைச் சாப்பிட்டுவிட்டு, ஒரு வார்த்தையும் பேசாமல் திரும்பி வந்துவிடுவார். அதற்கு முன்னால் தேயிலைக்கு மருந்தடிக்கிற கூட்டத்தில் இருந்தார். கல்மேல் ஏறிப் பதினாலு வருஷம்.

தினமும் ஏழரை மணிக்கு லயத்து வாட்ஸ்அப் குரூப்பில் “இன்று 2½” என்று வரும். கீழே கைகூப்புகிற படங்கள் வரிசையாக வரும். மேல் வளைவில் இருக்கிற ரிசார்ட்டிலிருந்து, ஞாயிற்றுக்கிழமை நாலு வருமா, விருந்தாளிகள் கேட்கிறார்கள் என்று போன் வரும். அது மஞ்சின் இஷ்டம் என்று பாண்டித்துரை சொல்லிவிடுவார்.

சங்கடம் வேறு இடத்தில் இருந்தது. மஞ்சு முதலில் யார் பேரை எடுக்கிறது என்பதை நூறு பேர் கேட்டுக்கொண்டு நிற்பார்கள். பிடிமானம் இல்லாத பேர்தான் முதலில் போகும் என்பதும் அந்த நூறு பேருக்கும் தெரியும். காந்தலூரில் பூண்டு போடுகிற சித்தப்பா ஒருவர், தன் பேர் இரண்டு தடவை போய்விட்டது என்று கேள்விப்பட்டு ஒரு மூட்டை பூண்டு அனுப்பினார். அதற்குப் பிறகு அவர் பேர் போகவில்லை. பூண்டு மூட்டை பாதி இன்னும் பரணில் இருந்தது.

எது போகாவிட்டாலும் பதினேழாவது பேர் போகும். எல்லாவற்றுக்கும் முந்தி அதுதான் போகும். பாண்டித்துரையின் மனைவி சாந்தம்மாளுக்கு மூத்த அண்ணன் சுடலை. கம்பம்மெட்டில் ஏலக்காய் ஸ்டோர் வைத்திருக்கிறவர். சாதாரண ஆளில்லை.

லயத்தில் இரண்டு வீட்டுக்கும் நடுவே ஒற்றைச் சுவர். பக்கத்து வீட்டில் இருந்த சிவசங்கரிக்கு எல்லாம் கேட்கும்.

“ஒங்க சித்தி பேத்திக்கு ரெண்டு வருசம் முன்னதான் பேரு வச்சாவ. அந்தப் பேரு நிக்குது. எங்க அண்ணன் பேரு மட்டும் நிக்காது, என்ன?”

“மஞ்சு எடுத்துட்டுப் போனா நான் என்னட்டி செய்ய?”

“மஞ்சுக்கு எங்க அண்ணன்மேல என்ன கோவம்? ஒங்க மனசுல ஒட்டல. அத மஞ்சு கண்டுபிடிச்சிருது.”

பதினாறு பேர் சொன்ன பிறகு மூச்சு வாங்க வேண்டியிருக்கிறது, அந்த மூச்சில் போய்விடுகிறது என்பது பாண்டித்துரையின் கட்சி. வரிசையில் சுடலையை முன்னால் போடலாமா என்று ஆபீசில் எழுதிக் கேட்டார். வரிசையை மாற்றினால் பழைய அளவுகளோடு ஒப்பிட முடியாது என்று எழுத்துமூலம் பதில் வந்தது.

இப்படியே ஓடிக்கொண்டிருந்தபோதுதான் மகள் இந்துவுக்கு மாப்பிள்ளை அமைந்தது. இந்து குமுளியில் நர்ஸ். வெள்ளிக்கிழமை நிச்சயம். தாய்மாமன் முன்னால் நின்று சேலையைக் கையில் கொடுத்தால்தான் நிச்சயம் நிச்சயமாகும். அந்த வாரம் திங்கட்கிழமை சுடலை போன் பண்ணினார். ஸ்பீக்கரில் போட்டதால் சிவசங்கரிக்கு அங்கிருந்தும் கேட்டது.

“வருசம் பூரா நூறு பேருக்கு முன்னால எம்பேர விட்டுருவாராம், நிச்சயத்துக்கு மட்டும் நான் வந்து நிக்கணுமாம். புதங்கெழமை வாரேன். களத்துல நின்னு எங்காதால கேக்கேன். அன்னைக்கும் எம்பேரு வரல, வந்த ஜீப்புலயே திரும்பிருவேன். சேலையும் எங்கூடவே திரும்பும்.”

“அண்ணே, அந்த ஜீப்புல எனக்கும் ஒரு எடம் போட்டு வையி” என்றாள் சாந்தம்மாள்.

பாண்டித்துரை வெளியே வந்து குடையை விரித்துப் பார்த்து மடக்கினார். மழை இல்லை.

புதன்கிழமை காலையில் நெல் அவிக்கிற வாசம் அடித்தது. சுடலை வெள்ளைச் சட்டையோடு வந்து, களத்துக்கு எதிரே இருந்த மதகுச் சுவரில் உட்கார்ந்தார். சூப்பர்வைசர் ஜின்சன் பட்டியலை விரித்தான். பாண்டித்துரை செருப்பைக் கழற்றிவிட்டுக் கல்லில் ஏறினார். எட்டாவது பேர் வரவில்லை. பன்னிரண்டாவது வரவில்லை. பதினாறு முடிந்ததும் இடது கையால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். அந்தக் குளிரில் எதற்கு வியர்க்கிறது என்று சிவசங்கரி நினைத்தாள், அதற்குமேல் நினைக்கவில்லை.

“சுடலை” என்றார் பாண்டித்துரை.

களத்தில் ஒரு சலசலப்பு எழுந்து அடங்கியது. பிறகு முப்பத்தொன்றாவது பேர் போனது.

“மூணு சொந்தம்” என்றான் ஜின்சன். “எல்லாரும் பதினொண்ணாம் நம்பர் போணும். வேகம், வேகம்.”

மதகுச் சுவரிலிருந்து சுடலை இறங்கினார். “நான் வந்து நின்னா மட்டும் வருது பாரு” என்று தங்கையிடம் சொல்லிவிட்டு, ஒரு டீ கேட்டார்.

பதினொன்றாம் நம்பர் என்பது மேட்டுக்கு மேலே இருக்கிற தேயிலைக் காடு. கொழுந்தெடுக்கப் போன பெண்கள் சிவசங்கரியோடு சேர்த்து இருபத்திரண்டு பேர். ஒன்பது மணிவாக்கில் சிசிலி கையை நிறுத்திவிட்டு நின்றாள்.

“ஏட்டி, எம் மருமவ பேரு என்ன?”

“நீதான் அவகூடப் பேசுறதில்லையே. போனாப் போகுதுன்னு விடேன்.”

“பேசாம இருக்கலாம். திட்டாம இருக்க முடியுமா? யாரத் திட்டுறேன்னு சொல்லாண்டாமா?”

எல்லாரும் சிரித்தார்கள். சொல்வதற்கு ஒருத்திக்கும் வரவில்லை என்பது சிரித்து முடித்த பிறகுதான் தெரிந்தது. பதினொரு மணிக்குமேல் யாரும் யாரையும் பேர் சொல்லிக் கூப்பிடவில்லை. ஏட்டி, ஏட்டி என்றே கொழுந்தெடுத்தார்கள். மத்தியானம் எடை போடுகிற இடத்தில் பேர் கேட்டபோது, கத்தரீனாள் கழுத்தில் தொங்கிய அட்டையைத் திருப்பி வாசித்து, “கத்தரீனாளாம்” என்றாள். ஏழு பேர் அப்படித்தான் அட்டையைப் பார்த்துச் சொன்னார்கள். அட்டையை வீட்டில் வைத்துவிட்டு வந்த ஒருத்தியைச் சிவப்பு ஸ்வெட்டர் என்று எழுதிக்கொண்டார்கள்.

பாண்டித்துரை படிக்கட்டில் நின்று, இறங்கி வருகிற ஒவ்வொருத்தியிடமும் “பேரு சொல்லும்மா, ஒம்பேரு சொல்லு” என்று கேட்டுக்கொண்டிருந்தார். மூன்று மணிக்கு வெயில் வந்தது. பேர்கள் ஒவ்வொன்றாக வந்தன. சிசிலி வாசலில் நின்று மருமகளைப் பேர் சொல்லித் திட்டினாள். லயமே நிம்மதியாக மூச்சு விட்டது.

ஆனால் விதி என்று ஒன்று இருக்கிறது. இத்தனை பேருக்கு இவ்வளவு போனால் மறுநாள் காலையில் விசாரணை. எஸ்டேட்டில் ஒவ்வொருவருக்கும் இருபது சொந்தம் ரெஜிஸ்டரில் எழுதி வைத்திருக்கும். சூப்பர்வைசர் உறவைச் சொல்ல, அவர்கள் பேரைச் சொல்ல வேண்டும். மறுநாளும் வராத பேர் ஒன்றே ஒன்று இருந்தாலும், முந்தின நாள் அளவு தப்பு. அளந்தவர் கல்லைவிட்டு இறங்கிவிட வேண்டியது.

வியாழக்கிழமை களம் நிறைந்திருந்தது. சுடலை மதகுச் சுவரில் இருந்தார். நிச்சயத்துக்கு லீவில் வந்திருந்த இந்து அம்மாவின் பக்கத்தில் நின்றாள். இருபத்தொரு பெண்கள் வரிசையாகச் சொல்லிவிட்டுப் போனார்கள். ஒரு பேரும் குறையவில்லை. கடைசியாகச் சிவசங்கரி வந்தாள்.

“அப்பா?” சொன்னாள். “அம்மா?” சொன்னாள். “கணவர்?” “வேல்மயில்.” அத்தை, மாமா, நாத்தனார், சாந்தம்மாள், இந்து எல்லாம் வந்தார்கள்.

“கணவரோட அண்ணன்?”

சிவசங்கரி வாயைத் திறந்தாள். எதிரேதான் நின்றார் அவர். அவள் முதல் பிரசவத்துக்கு ரோடு பழுதாகி ஜீப் வராமல் போனபோது, நாற்காலியில் அவளை உட்காரவைத்து முன்காலைத் தம்பியும் பின்காலை இவரும் பிடித்து மூன்று கிலோமீட்டர் இறக்கிக்கொண்டு போனது நினைவிருந்தது. வழியில் இரண்டு இடத்தில் நிறுத்தி, குடை சரியாகப் பிடித்திருக்கிறாளா என்று கேட்டதும் நினைவிருந்தது. பேரைத் தேடினாள். ஒன்பது வருஷத்தில் பெரியத்தான் என்பதைத் தவிர வேறு ஒன்றும் அவள் வாயால் சொன்னதில்லை. ஒருதரமும் சொல்லாத பேருக்குப் பிடிமானம் எங்கிருந்து வரும்?

“என்ன சார் கேள்வி இது?” என்றாள் சாந்தம்மாள். “புருசனுக்கு மூத்தவரு பேர எங்கள்ல பொம்பளையாளு சொல்லுவாளா?”

“சொல்ல மாட்டாங்க சார்” என்று நாலைந்து குரல் வந்தது.

எட்டு வருஷமாக அங்கே இருக்கிற ஜின்சனுக்கு அது தெரியும். “ஓ, அது சரியா” என்று மலையாளத்தில் ஒத்துக்கொண்டு டிக் போட்டான். இருபதும் முடிந்தது. அளவு சரி, பெண்கள் சரி, வெள்ளிக்கிழமையும் சரி. சிவசங்கரி தலையைக் குனிந்துகொண்டாள். மரியாதைக்குக் குனிந்தாலும் வேறு எதற்குக் குனிந்தாலும் தலை ஒரே மாதிரித்தான் குனிகிறது. யாருக்கும் வித்தியாசம் தெரியாது. தான் வாயை மூடிக்கொண்டிருந்தால் போதும் என்று அவளுக்குப் புரிந்தது.

பாண்டித்துரை மட்டும் அவளையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“சிவசங்கரி. மரியாதைக்குச் சொல்லலியா, இல்ல வரலியா?”

“அதான் முடிஞ்சு போச்சுல்லா, ஏன் கிளறுதீங்க?” என்றாள் சாந்தம்மாள்.

“நீ இரு. அவ சொல்லட்டும்.”

“மரியாதைக்குத்தான், பெரியத்தான்.”

“சரி. அப்ப இந்து காதுல சொல்லு. காதுல சொன்னா தோசமில்ல.”

இந்து வந்து குனிந்தாள். சிவசங்கரி அவள் காதருகே வாயைக் கொண்டுபோனாள். கொஞ்ச நேரம் மூச்சு மட்டும் விட்டாள். இந்து நிமிர்ந்து தலைமுடியைச் சரிசெய்துகொண்டு, “சித்தி சரியாச் சொல்லிட்டாவப்பா” என்றாள். நாளைக்கு நிச்சயம் ஆகவேண்டிய பெண் வேறு என்ன சொல்வாள்?

பாண்டித்துரை இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு செருப்பைக் கழற்றிவிட்டுக் கல்லில் ஏறினார். அன்றைக்கு மஞ்சே இல்லை, நல்ல வெயில்.

“எம்பேரு பாண்டித்துரை” என்றார், அளக்கிற குரலில். “நேத்து மஞ்சு மூணு இல்ல, நாலு. பதினேழாவது பேரு எனக்கு வரல. கையில எழுதி வச்சு வாசிச்சேன்.” இடது கையைத் தூக்கிக் காட்டினார்.

சிவசங்கரி அந்தப் பெயரை முதன்முதலாகக் கேட்டது அப்போதுதான். நல்ல பேராகத்தான் இருக்கிறது என்று நினைத்தாள்.

ஜின்சன் பேனாவை மூடினான், திறந்தான். பிறகு போனை எடுத்துக் குரூப்பில் தட்டினான்: “நேற்றைய அளவு திருத்தம்: 4.” களத்தில் நூறு போன் ஒரே நேரத்தில் சத்தம் போட்டது. இந்தத் தடவை யாரும் கைகூப்பவில்லை.

சாந்தம்மாள் அண்ணனைப் பார்த்தாள். எல்லாரும் அவரைத்தான் பார்த்தார்கள். ஜீப் டிரைவர் முன்னெச்சரிக்கையாக வண்டியில் ஏறி உட்கார்ந்தான். சுடலை மதகுச் சுவரிலிருந்து இறங்கி, வேட்டியைத் தட்டிவிட்டுக்கொண்டு கல்லுக்குப் பக்கத்தில் வந்தார்.

“கையக் காட்டுங்க, மாப்ள.”

காட்டினார். சுடலை அதை வெளிச்சத்துக்குத் திருப்பிப் பார்த்தார்.

“லை மட்டுந்தான் இருக்கு.”

“சாப்பிட்டுக் கை கழுவினேம்லா, மச்சான்.”

“எடது கையில என்னத்தச் சாப்பிட்டீங்க?”

“பாத்திரமும் கழுவினேன்.”

சுடலை கூட்டத்தின் பக்கம் திரும்பினார். “எம் பொண்டாட்டிட்ட எம்பேரப் பச்சை குத்துன்னு கல்யாணமான புதுசுல கேட்டேன். வலிக்கும்னுட்டா. இன்னா நிக்காளே எந் தங்கச்சி, இவ கையில இருக்கா எம்பேரு? இந்த மனுசன் கையில எழுதியிருக்காரு. வேலை போகும்னு தெரிஞ்சு எழுதியிருக்காரு. எத்தன மாப்ளமாரு மச்சான் பேரக் கையில எழுதுவான்? ஒங்கள்ல ஒருத்தன் இருந்தாக் கையத் தூக்கு.”

யாரும் தூக்கவில்லை. ஜீப் காலியாகத் திரும்பிப் போனது. சாந்தம்மாள் புருஷனிடம், “அந்தக் கையக் கொஞ்ச நாளைக்குக் கழுவாதீக” என்று மட்டும் சொன்னாள்.

வெள்ளிக்கிழமை சுடலை முன்னால் நின்று சேலை கொடுத்தார். சம்பந்தி வீட்டாரிடமும் கை விஷயத்தைச் சொன்னார். இந்துவின் வருங்கால மாமனார் தன் கையைப் பின்னால் கட்டிக்கொண்டார்.

திங்கட்கிழமை முதல் பாண்டித்துரை திரும்பவும் மருந்தடிக்கிற கூட்டத்தில் சேர்ந்தார். கல்லுக்கு ஆள் தேடினார்கள். பிறந்த வீடு, புகுந்த வீடு இரண்டிலுமாகப் பேச்சுவார்த்தை உள்ள சொந்தம் ஐம்பத்திரண்டு என்று எழுதிக் கொடுத்தது சிவசங்கரி ஒருத்திதான். அவளையே போட்டார்கள். ஆண்கள் இரண்டு பேர் முணுமுணுத்தார்கள். அவர்கள் சொந்தங்களை எண்ணச் சொன்னதும் நிறுத்திக்கொண்டார்கள். வரிசையில் நாலாவது, கணவனின் அண்ணன்.

“சொல்லிருவியாட்டி?” என்று சாந்தம்மாள் கேட்டாள்.

“அளவுக்குத்தானக்கா.”

முதல் நாள் அவள் “பாண்டித்துரை” என்று உரக்கச் சொன்னபோது, கத்தரீனாள் வாயைப் பொத்திக்கொண்டாள். மருந்தடிக்கிறவர்களின் வரிசையில் நின்ற பாண்டித்துரை, காலரில் மாட்டியிருந்த குடையை எடுத்துத் திரும்பவும் மாட்டினார். அதற்கப்புறம் எத்தனையோ மஞ்சு வந்துவிட்டது. போன ஆடியில் ஒருநாள் ஐந்தரைகூட வந்தது. அன்றைக்கு அவளுடைய சொந்தச் சித்தி பேர்கூடப் போனது. நாலாவது பேர் போகவில்லை.

பாண்டித்துரை சென்ற வைகாசியில் எஸ்டேட்டிலிருந்து ரிட்டையரானார். இப்போது கம்பம்மெட்டில், மச்சான் சுடலையின் ஏலக்காய் ஸ்டோரில் காய் தரம் பிரிக்கிறார். ஸ்டோருக்குப் பின்னால் ஒரு அறையில் அவரும் சாந்தம்மாளும் இருக்கிறார்கள்.